37 ஆட்டம், 3 கோல்

இங்கிலாந்து தேசத்தில், லங்காஷயர் பிரதேசத்தில், மாஞ்செஸ்டர் பட்டணத்துக்கு வடக்கே சில மைல் தூரத்தில் பெரி என்று ஓர் ஊர் இருக்கிறது. அதன் பெயரை ஆங்கில எழுத்தில் கண்டு கூட்டிப் படித்தால் 'பரி' என்றோ 'புரி' என்றோதான் வாயில் வரும். நம் வகுப்புப் பிள்ளைகளில் ஒருவன் 'புரி' என்றே வாசித்துவிட்டு, ஜகந்நாத ஸ்வாமி கோயில் கொண்டிருக்கும் ஊர் எப்போது சீமைக்குப் போய்ச் சேர்ந்தது என்று திகைத்து நின்றான். அவ்வூரார் சொல்வது 'பெரி' என்றுதான்.

பஞ்சும் நூலும் வளர்த்த ஊர் அது. தறியில் நாடாவைக் கையால் எறிந்து எறிந்து வாங்காமல், கயிற்றைச் சுண்டி இழுத்தால் அது இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் தானே பாய்ந்தோடும்படி 1733ல் ஒரு சாதனம் செய்தாரே ஜான் கே என்பவர், அவர் பிறந்தது அந்த ஊர்ப் பக்கத்தில். பிற்காலத்தில் அந்த நாடா நம் தேசத்துக் கைத்தறிகளிலும் ஏறிற்று. ஜெயங்கொண்டம் பக்கத்து நெசவாளர் தெருக்களில் நடந்திருப்பவர்கள் அதன் சப்தத்தைக் கேட்டிருப்பார்கள். அதே லங்காஷயரின் ஆலைத் துணி கப்பல் கப்பலாக வந்து இறங்கியபோது நம் நெசவாளர் பட்ட பாட்டை வாசகர்களுக்கு நாம் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை.

பெரியிலிருந்து நமக்கு வந்தது நாடா. நம்மிடமிருந்து பெரிக்குப் போனவர் ஒரு கால்பந்தாட்டக்காரர். பெயர் பாய்ச்சுங் பூட்டியா. 1999ஆம் வருஷம் அவ்வூர்க் கால்பந்துச் சங்கத்தில் மூன்று வருஷ ஒப்பந்தத்தின் பேரில் சம்பளத்துக்கு அமர்ந்தார். அந்தச் சங்கத்துக்காக லீக் பந்தயங்களில் அவர் ஆடியது 37 ஆட்டம். போட்டது 3 கோல்.

வாலிகண்டபுரத்தில் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லும் நாம் இந்தக் கணக்கை ஒருநாள் மைதானத்தில் சொன்னபோது, "இவ்வளவுதானா, ஸார்?" என்று கேட்டார்கள். அவர்கள் மேல் குற்றமில்லை. நம் பத்திரிகைகளும் அப்படித்தான் கேட்டன. அவர் புறப்பட்டபோது தேசத்தின் மானமே விமானம் ஏறிப் போவது போல எழுதியவர்கள், திரும்பி வந்தபோது ஒரு மூலையில் நாலு வரி போட்டு நிறுத்திக் கொண்டார்கள். ஆனால் அந்த 37க்கும் 3க்கும் பின்னால் ஒரு மனிதருடைய ஜீவனம் இருக்கிறது. ஊர் விட்டு ஊர் போய், கடல் கடந்தும் போய், காலால் உழைத்துக் கூலி வாங்கிய ஓர் ஆட்டக்காரரின் சரித்திரம் அது. அதைச் சற்று விரிவாகவே பார்க்கலாம் என்பது நம் உத்தேசம்.

டிங்கிடாமிலிருந்து கல்கத்தாவுக்கு

சிக்கிம் 1975ல் நம் தேசத்துடன் சேர்ந்தது. அடுத்த வருஷம், 1976 டிசம்பர் 15ந் தேதி, தெற்குச் சிக்கிமில் டிங்கிடாம் என்ற மலைக் கிராமத்தில் பூட்டியா பிறந்தார். பெற்றோர் விவசாயிகள். 2001ஆம் வருஷத்து ஜனத்தொகைக் கணக்கில் சிக்கிம் முழுவதிலும் இருந்தவர்கள் சுமார் 5,40,000 பேர். நம் ராஜ்யத்தில் ஒரு நடுத்தரப் பட்டணத்துக்குள் அடங்கிவிடக் கூடிய எண்ணிக்கை. நூறு கோடி ஜனங்கள் உள்ள பாரத தேசம், தன் கால்பந்து அணிக்குத் தலைவரை அந்தச் சின்ன மலைநாட்டிலிருந்து பெற்றதை யோசிக்கும்போது, மற்ற இடங்களில் எத்தனை பிள்ளைகள் கவனிப்பாரின்றிப் போயிருப்பார்கள் என்ற கேள்வி எழாமல் இராது.

சிறு வயதிலேயே விளையாட்டுக்கான சர்க்கார் உபகாரச் சம்பளம் கிடைத்து, காங்டாக்கில் உள்ள தாஷி நம்கியால் பள்ளியில் சேர்ந்தார். 1992ல் டில்லியில் நடந்த சுப்ரதோ கோப்பைப் பந்தயம் அவருக்கு வழி திறந்துவிட்டது. பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கான பந்தயம்தான். ஆனால் பார்க்க வேண்டியவர் பார்த்தார். இந்திய அணியின் பழைய கோல்காப்பாளரான பாஸ்கர் கங்குலி அவரைக் கண்டு கல்கத்தாவுக்குச் சிபாரிசு செய்தார். அடுத்த வருஷம், பதினாறாம் வயதில், படிப்பை விட்டு ஈஸ்ட் பெங்கால் சங்கத்தில் சேர்ந்தார் பூட்டியா. பள்ளி ஆசிரியர் என்ற முறையில் அந்தப் 'படிப்பை விட்டு' என்ற சொற்களை எழுதுகையில் நம் பேனா கொஞ்சம் தயங்கத்தான் செய்கிறது.

1995ல் பஞ்சாபில் பக்வாரா என்ற ஊருக்குப் போனார். அங்கே ஜே.ஸி.டி. என்ற பஞ்சாலை ஒரு கால்பந்து அணியை வைத்து நடத்தி வந்தது. தேசம் முழுவதுக்குமான லீக் பந்தயம் நம் நாட்டில் முதன்முதலாக நடந்தது 1996-97ல்தான். சுதந்திரம் வந்து ஐம்பது வருஷம் ஆகப் போகும் தறுவாயில்! அந்த முதல் லீக்கை வென்றது பக்வாரா ஆலையின் அணி. அதில் முக்கியமான கோல்காரர் பூட்டியா. ஆலையின் சட்டை போட்டு ஆடியவர் பிற்பாடு ஆலைகளின் ஊருக்கே போய்ச் சேர்ந்தது தற்செயல்தான் என்றாலும், சொல்லாமல் விட மனம் வரவில்லை.

1997ல் மறுபடி ஈஸ்ட் பெங்கால். அவ்வருஷம் ஜூலை 13ந் தேதி கல்கத்தா சால்ட் லேக் மைதானத்தில் மோகன் பகானுடன் பெடரேஷன் கோப்பையின் அரை இறுதி ஆட்டம். பார்க்க வந்திருந்தவர்கள் 1,31,000 பேர் என்று பதிவாகியிருக்கிறது. ஈஸ்ட் பெங்கால் 4-1 என்று ஜயித்தது. அந்த நாலில் மூன்று பூட்டியாவின் கோல். அன்று இரவு கல்கத்தாவின் ஒரு பாதி உறங்கவில்லை, மறுபாதி சாப்பிடவில்லை என்று சொன்னால், அந்த ஊரை அறிந்தவர்கள் அதை மிகையென்று கொள்ளமாட்டார்கள்.

வாசகர்கள் இந்த 1,31,000 என்ற எண்ணை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். இதை விட்டுவிட்டுத்தான் அவர் போனார்.

அவருக்கு முன்னே ஒருவர்

ஐரோப்பாவில் ஆடிய முதல் இந்தியர் பூட்டியா என்று பலர் எழுதிவிடுகிறார்கள். அது சரியன்று. 1936ல், நாம் அடிமைகளாக இருந்த காலத்தில், கல்கத்தா முகமதன் ஸ்போர்ட்டிங் அணியின் முகமது சலீம் ஸ்காட்லந்துக்குப் போய், கிளாஸ்கோ நகரத்தின் பெயர் பெற்ற செல்டிக் சங்கத்துக்காக இரண்டு ஆட்டங்கள் ஆடினார். அவர் பூட்ஸ் போட்டு ஆடிப் பழகாதவர். வெறுங்காலில் துணிக்கட்டுச் சுற்றிக்கொண்டுதான் மைதானத்தில் இறங்கினார். கால்ஸ்டன் அணிக்கு எதிரான ஆட்டத்தில் செல்டிக் 7-1 என்று வென்றது. அவருடைய கால் வித்தையைக் கண்டு ஸ்காட்லந்துப் பத்திரிகைகள் வியந்து எழுதின. இருக்கும்படி அங்குள்ளவர்கள் கேட்டுக்கொண்டார்கள். ஆனால் சலீமுக்கு ஊர் நினைவு வந்துவிட்டது. திரும்பிவிட்டார்.

பல வருஷங்களுக்குப் பின், முதுமையில் அவர் நோயுற்றிருந்தபோது, செல்டிக் சங்கத்தாருக்கு அவரை இன்னும் நினைவு இருக்கிறதா என்று அறிய அவருடைய மகன் ஒரு கடிதம் எழுதினாராம். பதிலோடு 100 பவுனுக்கு ஒரு வங்கி உண்டியலும் வந்தது. இரண்டே ஆட்டம் ஆடியவரை அவர்கள் மறக்கவில்லை.

சலீம் போனது விருந்தாளியாக. விருந்தாளிக்கு மரியாதை உண்டு. ஒப்பந்தமும் சம்பளப் பட்டியலும் இல்லை. பூட்டியா போனது வேலைக்கு. இந்த வித்தியாசத்தைக் கவனித்தால்தான் பின்னால் நடந்தவை விளங்கும்.

மூன்றாம் படி

இங்கிலாந்தின் லீக் ஓர் ஏணி. அப்போது மேல் படியில் இருபது சங்கங்கள். உலகம் முழுவதும் தெரிந்த பெயர்களெல்லாம் அங்கே இருப்பவை. அதன் கீழே மூன்று படிகள், படிக்கு இருபத்துநாலு சங்கங்கள். ஆகத் தொண்ணூற்றிரண்டு. ஒவ்வொரு பருவத்தின் முடிவிலும் ஜயித்தவர்கள் மேலே ஏறுவார்கள், தோற்றவர்கள் கீழே இறங்குவார்கள். பெரி சங்கம் 1885ல் ஏற்பட்டது. 1900லும் 1903லும் இங்கிலாந்துக் கோப்பையையே வென்ற பழம் பெருமை உடையது. 1903 இறுதி ஆட்டத்தில் டெர்பி அணியை 6-0 என்று அடித்த அடிக்கு ஒரு நூற்றாண்டுக்கு மேல் சமமில்லாமல் இருந்தது. பூட்டியா போய்ச் சேர்ந்த பருவத்தில் அது 'இரண்டாம் டிவிஷனில்' இருந்தது. இரண்டாம் என்று பெயரே தவிர, மேலிருந்து எண்ணினால் மூன்றாம் படி. வெள்ளைக்காரர் தம் படிகளுக்குப் பெயர் வைக்கிற விதம் அப்படி.

இந்த இடத்துக்குத்தானா நம் தேசத்தின் முதல் ஆட்டக்காரர் போனார் என்று கேட்கலாம். இதற்கு முன்பு புல்ஹாம், வெஸ்ட் பிராம்விச், ஆஸ்டன் வில்லா ஆகிய சங்கங்கள் அவரைப் பரீட்சித்துப் பார்த்து, வேண்டாமென்று சொல்லிவிட்டன. தம் ஊரில் லட்சம் பேர் பெயர் சொல்லிக் கூவும் ஓர் ஆட்டக்காரர், அறியாத ஊரில் அறியாத பையன்களுடன் வரிசையில் நின்று, ஓடிக் காட்டி, உதைத்துக் காட்டி, பிறகு 'போய் வரலாம்' என்ற பதிலைக் கேட்டுக்கொண்டு விமானம் ஏறுவது லேசான காரியமன்று. ஒருமுறை அல்ல, மூன்று முறை. நம்மில் பெரும்பாலோர் முதல் முறையிலேயே ஊரில் இருக்கும் கௌரவத்தைக் காப்பாற்றிக்கொண்டு இருந்துவிடுவோம்.

பழைய நாடகக் கம்பெனிகளைப் பற்றிப் பெரியவர்கள் சொல்லக் கேட்டவர்களுக்கு இந்த உத்தியோகத்தின் தன்மை எளிதில் புரியும். ராஜபார்ட்டும் ஸ்திரீ பார்ட்டும் ஊருக்கு இரண்டு பேர். மற்றவர்களெல்லாம் இன்று மந்திரி, நாளை சேவகன், மறுநாள் திரைக்குப் பின்னால். கம்பெனி நொடித்துப் போனால் மூட்டையைக் கட்டிக்கொண்டு அடுத்த கம்பெனி. ஆனால் அவர்கள் இல்லாமல் நாடகம் நடவாது. உலகத்தில் கால்பந்து ஆடிப் பிழைப்பவர்களில் பெரும்பாலோர் இப்படிப்பட்டவர்களே. பூட்டியாவின் விசேஷம், சொந்த தேசத்தில் ராஜபார்ட் கட்டியவர் வேற்று தேசத்தில் சேவகன் வேஷத்துக்கு மனம் ஒப்பிப் போனதுதான்.

பெரியில்

வேலை செய்வதற்கான சர்க்கார் உத்தரவு வரத் தாமதமாயிற்று. வந்த பிறகு, 1999 அக்டோபர் 3ந் தேதி கார்டிப் அணிக்கு எதிராக, இன்னொருவருக்குப் பதிலாக நடு ஆட்டத்தில் இறக்கப்பட்டார். இறங்கியவர் சும்மா நிற்கவில்லை. பெரியின் இரண்டாவது கோலுக்கு அவர் அடித்த பந்தே வழி செய்தது. நல்ல சகுனம் என்று எல்லோரும் நினைத்தார்கள்.

அதன் பின் அவருடைய சொந்தக் கோலுக்கு எவ்வளவு நாள் காத்திருக்க வேண்டியிருந்தது தெரியுமா? 2000ஆம் வருஷம் ஏப்ரல் 15ந் தேதி வரை. செஸ்டர்பீல்டு அணிக்கு எதிராக அன்றுதான் முதல் கோல். ஆறரை மாதம்! கோல் போடுவதற்கென்றே அமர்த்தப்பட்ட ஒருவருக்கு ஆறரை மாதம் என்பது நீண்ட காலம். கல்கத்தாவில் ஒரே மாலைப் பொழுதில் மூன்று போட்டவர் அல்லவா?

இந்த ஆறரை மாதத்தைச் சற்று நினைத்துப் பார்க்க வேண்டும். லங்காஷயரின் சீதோஷ்ணம் நம்மவர்களுக்கு ஆகாது என்று சொல்வார்கள். பூட்டியா மலைநாட்டவர், குளிர் அவருக்குப் புதிதன்று. புதியது வேறு. அங்கே கீழ்ப்படி ஆட்டம் பெரும்பாலும் ஆகாயத்தில் நடக்கும். பின்னாலிருந்து நீளமாக உதைத்துவிடுவார்கள். ஆறடிக்கு மேல் உயர்ந்த காவற்காரர்களுடன் முட்டி மோதித் தலையால் எடுக்க வேண்டும். ஈரமான தரை. சனிக்கிழமை ஓர் ஆட்டம், நடுவாரத்தில் இன்னோர் ஆட்டம் என்று பருவத்துக்கு 46 லீக் ஆட்டங்கள். நம் தேசத்தில் அக்காலத்து ஆட்டக்காரர் எவரும் அவ்வளவு ஓட்டத்துக்குப் பழகியவர் அல்லர். உயரத்திலும் பருமனிலும் குறைந்த பூட்டியா அங்கே ஈடு கொடுத்தது கால் விரைவினாலும், காவற்காரரின் முதுகுக்குப் பின்னே நழுவிச் செல்லும் யுக்தியினாலும்தான்.

போதாக்குறைக்கு, அவரைத் தேர்ந்தெடுத்த நிர்வாகி நீல் வார்னாக், சில மாதத்துக்குள்ளேயே ஷெப்பீல்டுக்குப் போய்விட்டார். கூலிக்கு ஆடுபவனுக்கு இதைப் போன்ற கஷ்டம் வேறில்லை. ஒரு முதலாளி விரும்பி வாங்கிய மாட்டை அடுத்த முதலாளி விரும்ப வேண்டுமென்று என்ன கட்டாயம்? புதிதாக வந்த ஆண்டி பிரீஸ் தாமும் கோல் அடிக்கும் ஸ்தானத்தில் ஆடி வந்தவர். ஆட்டக்காரரே நிர்வாகியாகவும் இருக்கும் சங்கத்தில் அதே ஸ்தானத்துக்குக் காத்திருப்பவர் நிலையை வாசகர்களே ஊகித்துக் கொள்ளலாம்.

கிக் லேன் என்பது பெரியின் மைதானம். சாதாரண நாளில் சில ஆயிரம் பேர் கூடுவார்கள். 1,31,000 பேர் நடுவே ஆடியவர் அந்தச் சில ஆயிரம் பேர் நடுவே பெஞ்சில் உட்கார்ந்து, தம்மை எப்போது எழுப்புவார்கள் என்று காத்திருந்தார். நமக்கு அந்த 37ல் மிகவும் மதிப்பாகத் தோன்றுவது அந்தக் காத்திருப்புத்தான். பக்கத்து வீட்டுப் பிள்ளை பரீட்சையில் ஒருமுறை தவறினாலே ஊரை விட்டு ஓடும் தேசத்தில், வாரா வாரம் பரீட்சை, வாரா வாரம் பலர் அறிய முடிவு என்றிருக்கும் உத்தியோகத்தில் ஒருவர் மூன்று பருவம் தாக்குப் பிடித்தார்.

மூன்றாம் பருவத்தில் முழங்கால் காயம் அவரை வீழ்த்திற்று. 2001-02ல் ஆடியது மூன்றே ஆட்டம். அந்தப் பருவத்தில் சங்கமும் ஏணியில் ஒரு படி கீழே விழுந்தது. கடன் தாங்காமல் அதன் நிர்வாகம் பிறர் வசம் போயிற்று. காயம்பட்ட காலும் காலியான கஜானாவும் ஒன்று சேர்ந்தால் ஒப்பந்தம் நீடிக்குமா? 2002ல் பூட்டியா தாய்நாடு திரும்பினார்.

உத்தரவுச் சீட்டு

அவர் போன வழியில் மற்றவர்கள் ஏன் கூட்டம் கூட்டமாகப் போகவில்லை என்று பிள்ளைகள் கேட்கிறார்கள். திறமையில்லாமையே காரணம் என்று சட்டென்று சொல்லிவிடுவது நம் ஜனங்களின் வழக்கம். வேறு காரணமும் உண்டு. வெளிநாட்டார் இங்கிலாந்தில் ஆட வேண்டுமானால், அவருடைய தேசம் உலக வரிசையில் முதல் 70 இடங்களுக்குள் இருக்க வேண்டும் என்று ஒரு விதி வெகு காலம் இருந்தது. 2009ல் லண்டனின் குயின்ஸ் பார்க் ரேஞ்சர்ஸ் சங்கம் சுனில் சேத்ரியை எடுத்துக்கொள்ள முன்வந்தது. சங்கம் சரியென்றது, ஆட்டக்காரர் சரியென்றார், சர்க்கார் இல்லையென்றது. இந்தியா 70க்கு வெகு தூரம் கீழே இருந்தது. சேத்ரி பிறகு 2010ல் அமெரிக்காவின் கான்ஸாஸ் நகரத்துக்கும், 2012ல் போர்த்துகல்லில் லிஸ்பன் நகரத்து ஸ்போர்ட்டிங் சங்கத்தின் இரண்டாம் அணிக்கும் போய்வந்தார். குர்பிரீத் சிங் ஸந்து என்ற கோல்காப்பாளர் 2014 முதல் 2017 வரை நார்வேயில் ஸ்டாபெக் சங்கத்தில் இருந்தார். ஐரோப்பிய சங்கங்களின் பெரிய பந்தயம் ஒன்றில் ஆடிய முதல் இந்தியர் அவரே.

தனி மனிதனின் கால் எவ்வளவு வேகமாக ஓடினாலும் அவன் தேசத்தின் வரிசை எண் அவன் காலைப் பிடித்து இழுக்கிறது. அந்த எண்ணைத் தீர்மானிப்பது மைதானமும் லீக்கும் பயிற்சியும். 1948 லண்டன் ஒலிம்பிக்கில் வெறுங்காலோடு பிரான்ஸை எதிர்த்து ஆடி 2-1 என்று மயிரிழையில் தோற்றோம். அந்த ஒரு கோலைப் போட்டவர் ஸாரங்கபாணி ராமன். 1960 ரோமாபுரி ஒலிம்பிக்கில் பெரு தேசத்துக்கு எதிராக ஸைமன் சுந்தர்ராஜ் போட்டதுதான் இந்தியாவின் கடைசி ஒலிம்பிக் கோல். அதற்குப் பின் அங்கே நமக்கு இடமே கிடைக்கவில்லை. குறை கால்களிலா இருந்தது?

மலாய் நாட்டிலும் ஜகார்த்தாவிலும்

திரும்பி வந்த பூட்டியா மோகன் பகானில் ஒரு பருவம் காயத்தோடு கழித்தார். 2003ல் ஈஸ்ட் பெங்காலுடன் ஜகார்த்தாவுக்குப் போனார். தென்கிழக்கு ஆசியச் சங்கங்களுக்கான கோப்பைப் பந்தயம் அது. இறுதியில் தாய்லந்தின் பி.இ.ஸி. தேரோ சாசனா அணியை ஈஸ்ட் பெங்கால் 3-1 என்று வென்றது. அந்தப் பந்தயத்தில் பூட்டியா போட்ட கோல் ஒன்பது. வேறு எவரும் அவ்வளவு போடவில்லை. கிக் லேனில் ஆறடி ஆட்களுடன் முட்டிக்கொண்டு நின்ற மூன்று பருவம் வீணாகவில்லை என்பதற்கு வேறு சாட்சி தேவையில்லை என்பது நம் அபிப்பிராயம்.

அந்த வெற்றி அணியில் நம் பக்கத்து மனிதர் ஒருவரும் இருந்தார். தஞ்சாவூர்க்காரரான காலியா குலோத்துங்கன். ஆறு தாண்டினால் தஞ்சாவூர். நம் ஜில்லாவுக்கு அடுத்த வீடு. தமிழ் பேசும் ஆட்டக்காரர் வங்காளத்துக்குப் போய் அந்த ஊர் ஜனங்களின் அபிமானத்தைச் சம்பாதிப்பதும் ஒருவகை வெளிநாட்டு வாசம்தான். பாஷை வேறு, சாப்பாடு வேறு, பண்டிகை வேறு. 2018 ஜனவரியில் சாலை விபத்தில் அவர் மாண்டபோது கல்கத்தாவில் துக்கப்பட்டவர்கள் எத்தனையோ பேர். நம் ஜில்லாவில் அவர் பெயரை அறிந்தவர்கள் மிகச் சிலரே.

ஜகார்த்தாவுக்குப் பின் பூட்டியா மலேசியாவில் பேராக் அணியில் சில மாதம் ஆடினார். 2005ல் செலங்கோரில் எம்.கே. லாண்ட் என்ற அணியில் கொஞ்ச காலம். பேராக், செலங்கோர் என்ற பெயர்கள் தமிழ்க் குடும்பங்களுக்கு அந்நியமானவை அல்ல. அங்கே ரப்பர்த் தோட்டம் போட நம்மவர் கப்பல் கப்பலாகப் போனார்கள். அவர்களுடைய பேரன்மார் தோட்டத்து மைதானங்களில் பந்து உதைத்து வளர்ந்தார்கள். சிங்கப்பூரின் வி. சுந்தரமூர்த்தி, கெடா, பகாங் அணிகளிலும், ஸ்விட்ஸர்லாந்தில் பாஸல் நகரத்திலும்கூட ஆடியவர். பின்னால் சிங்கப்பூர் தேசிய அணிக்கே பயிற்சியாளரானார்.

நம் வாலிகண்டபுரத்தைச் சுற்றியுள்ள கிராமங்களில், ஆண்பிள்ளை சிங்கப்பூரிலோ மலேசியாவிலோ அரபு நாட்டிலோ இல்லாத தெருவைக் காண்பது அரிது. முஸ்லிம் சகோதரர்கள் அப்படிப் போய்வருபவரைச் 'சபுராளி' என்பார்கள். நல்ல சொல். ஒப்பந்தம், விசா, மேஸ்திரியின் மனநிலை, கம்பெனி மூடிவிடுமோ என்ற பயம், அடிபட்டால் யார் பார்ப்பார்கள் என்ற கவலை: சபுராளிக்கு உள்ளவையெல்லாம் பூட்டியாவுக்கும் இருந்தன. சபுராளி ஊர் திரும்பும்போது, "அங்கே எத்தனை பேருக்கு மேலே நீ நின்றாய்?" என்று வீட்டார் கேட்பதில்லை. பத்திரமாக வந்தாயா என்றுதான் கேட்கிறார்கள். ஆட்டக்காரரை மட்டும் வேறு விதமாகக் கேட்கிறோம்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். நம் ஊருக்குச் சற்றுத் தொலைவில் ரஞ்சன்குடிக் கோட்டை நிற்கிறது. 1751ல் இந்தப் பக்கத்தில் நடந்த போரில் சந்தா சாகிபுக்குத் துணையாகப் பிரெஞ்சுக்காரரும், முகமது அலிக்குத் துணையாக ஆங்கிலேயரும் நின்று சண்டையிட்டார்கள். ஆங்கிலக் கம்பெனியின் அந்தச் சோல்ஜர்களும் சம்பளத்துக்குக் கடல் கடந்து வந்தவர்களே. அவர்கள் வந்ததன் பலன் சரித்திரப் புஸ்தகம் முழுவதும் பரவிக் கிடக்கிறது. ஏறக்குறைய இருநூற்றைம்பது வருஷம் கழித்து நம்மவர் ஒருவர் அவர்கள் நாட்டுக்குச் சம்பளத்துக்குப் போய், வெறும் மூன்று கோல் போட்டுவிட்டுத் திரும்பினார். கணக்குப் பார்ப்பவர்கள் இதையும் சேர்த்துப் பார்க்கட்டும்!

கலைந்த அணிகள்

இந்தியாவுக்காக நூறு சர்வதேச ஆட்டங்கள் ஆடிய முதல் ஆட்டக்காரர் பூட்டியா. 2011ல் தேசிய அணியிலிருந்து விலகினார். 2012 ஜனவரி 10ந் தேதி டில்லியில் ஜெர்மனியின் பேயர்ன் மூனிச் அணி அவருடைய பிரிவுபசார ஆட்டத்துக்கு வந்து 4-0 என்று வென்றது. உபசாரத்திலும் ஜெர்மானியர் தயவு தாட்சண்யம் பார்ப்பதில்லை போலும்.

அவருக்குச் சம்பளம் கொடுத்த இடங்கள் என்ன ஆயின? பக்வாரா ஆலை தன் கால்பந்து அணியை 2011ல் கலைத்துவிட்டது. செலங்கோரின் எம்.கே. லாண்ட் அணியும் இல்லை. பெரி சங்கத்தை, கடனைத் தீர்க்க வழியில்லாததால், 2019 ஆகஸ்டு 27ந் தேதி இங்கிலாந்து லீக்கிலிருந்தே நீக்கிவிட்டார்கள். நூற்று முப்பத்துநாலு வயதுச் சங்கம்! கிக் லேன் வாசலில் பெரியவர்கள் நின்று அழுதார்கள். ஊரார் விடவில்லை; பாடுபட்டு மைதானத்தை மீட்டு, ஏணியின் அடிப்படிகளிலிருந்து மறுபடி ஏறத் தொடங்கியிருக்கிறார்கள்.

2022ல் அகில இந்தியக் கால்பந்துச் சம்மேளனத்துக்குத் தலைவர் தேர்தல் வந்தது. செப்டம்பர் 2ந் தேதி வோட்டுப் போட்டவர்கள் ராஜ்யச் சங்கங்களின் பிரதிநிதிகள். ஒரு பக்கம் பூட்டியா. மறு பக்கம் கல்கத்தாவில் கோல்காப்பாளராக இருந்தவரும் பிறகு அரசியலில் இறங்கியவருமான கல்யாண் சௌபே. லீக்கை விரிவாக்க வேண்டும், கிராமத்துப் பிள்ளைகளைத் தேடிப் பிடிக்க வேண்டும் என்று பூட்டியா சொல்லி வந்தார். மொத்த வோட்டு 34. சௌபேக்கு 33, பூட்டியாவுக்கு 1.